குத்துச்சா, குத்துனாரா?

காயத்தை நம்பராக மாற்றுவது எங்கள் தொழில்; வலியை மாற்ற வேறு டிபார்ட்மெண்ட் இருக்கிறது. அரசாங்கப் படிவத்தில் தன் கஷ்டத்துக்கு ஏற்ற கட்டத்தைத் தேடி அலைந்த எவருக்கும் நான் சொல்வது புரியும்.

எம்.ஏ. தேர்வு எழுதிவிட்டு, டெல்டாவில் ஓர் அரசு மருத்துவமனையின் பதிவறையில் ஆறு மாதத் தற்காலிக வேலை பார்த்தேன். எல்லாம் தமிழில் எழுதச் சொல்லி சர்க்குலர் வந்திருந்த நேரம். டாக்டர் சீட்டில் எழுதியதை, நோய்க்கும் காயத்துக்கும் நம்பர் கொடுத்திருக்கும் ஒரு தடித்த இங்கிலீஷ் புத்தகத்தில் தேடி, ஓரத்தில் நம்பர் போடவேண்டும். முள், மரச் சிலாம்பு, கண்ணாடித் துண்டு எதுவானாலும் தோலுக்குள் போய்விட்டால் அது 'அந்நியப் பொருள்', காயம் 'மேலோட்டமானது'.

புள்ளி ஆறு

பாதத்தில் அந்நியப் பொருள் என்றால் 917, புள்ளி ஆறு. சீழ் வைத்துவிட்டால் புள்ளி ஏழு. மன்னார்குடிப் பக்கத்துப் பெரியவர் ஒருவர் குதிகாலில் கருவை முள்ளோடு வந்துபோனார். ஆறு போட்டேன். நாலு நாள் கழித்துப் பழைய சீட்டு கேட்டு எங்கள் ஜன்னலில் நின்றார். அதே கால், அதே முள், இளநீர் அளவுக்கு வீக்கம்.

"இவ்வளவு அலட்சியமாவா இருப்பீங்க? ஆறு போட்டதை இப்ப ஏழுன்னு மாத்தணும்!" என்று சண்டைக்குப் போனேன். அவர் நிதானமாகச் சொன்னார்: "முள்ளு எடுக்கிறவரு லீவுன்னாங்கம்மா. அவரு லீவு முடியறதுக்குள்ள உங்க ஆறு ஏழாயிடுச்சு."

என்ன செடி?

டாக்டர்கள் 'முள்' என்று எழுதி நிறுத்திவிடுவார்கள். என்ன முள் என்று புத்தகம் கேட்கும். தலைமை எழுத்தர் சண்முகம் சார், "வேலிமுள்ளுன்னு போட்டுட்டுப் போம்மா" என்பார். தெரியாததை எப்படி எழுதுவது என்று அவரோடு அரைநாள் வாதாடினேன். கடைசியில், விரலில் முள் குத்திக் கோடியக்கரையிலிருந்து வந்திருந்த கருவாட்டு வியாபாரி ரஹ்மத் பாயையே நிறுத்திக் கேட்டேன்: "என்ன செடி முள்ளு பாய்?"

கட்டுப்போட்ட விரலைத் தூக்கிக் காட்டினார். "கெளுத்திச் செடிம்மா. நாம தண்ணி ஊத்தவேண்டியதே இல்ல, கடல்ல அதுபாட்டுக்கு வளரும்."

முதுகு

ஒரு சீட்டில் 'மூங்கில் சிலாம்பு குத்தியது, முதுகு' என்றிருந்தது. 911, புள்ளி ஆறு. அதோடு இன்னொரு நம்பரும் போடவேண்டும்: தானாக நேர்ந்ததா, யாராவது செய்ததா? தன் முதுகில் தானே மூங்கிலைக் குத்திக்கொள்பவர் யார் என்று கேட்டேன். சண்முகம் சார், "நம்ம வேலை நம்பர் போடறது, நியாயம் போடறது இல்ல" என்றார். நான் வார்டுக்கே போய்விட்டேன்.

செல்லம்மா கவிழ்ந்து படுத்திருந்தார். சீர்காழிப் பக்கம் குத்தகை வயல். நாற்றங்கால் உழ இறங்கியவரை நிலத்துக்காரரின் காரியஸ்தர் மூங்கில் கழியால் அடித்திருக்கிறார். கழி பிளந்து சிலாம்பு இறங்கிவிட்டது. செல்லம்மா தானாகவே வயலை விட்டுப் போய்விட்டதாக நிலத்துக்காரர் தரப்பில் தாசில்தாரிடம் எழுதியும் கொடுத்துவிட்டார்கள். அடித்து விரட்டியது ஆஸ்பத்திரிப் பதிவில் இல்லையென்றால் வயல் போச்சு. சுவருக்குச் சுவர் 'உழுதவனுக்கே நிலம்' என்று எழுதியிருந்த ஊரில்தான் இது.

டாக்டரை அழைத்து வந்தேன். "குத்தினது சிலாம்புதானே? நான் எழுதினதுல என்ன தப்பு?" என்றார். எழுவாய், செயப்பாட்டுவினை என்று கால்மணி நேரம் இலக்கணம் பேசினேன். அவர் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு அவர் 'மூங்கில் கழியால் அடிக்கப்பட்டதில் சிலாம்பு குத்தியது' என்று சீட்டைத் திருத்தினார். போலீசுக்குப் போகும் பதிவேட்டிலும் எழுதினார் (அடிதடிக்கும் அதற்கு விபத்துப் பதிவேடு என்றுதான் பெயர்). ஆனால் என் இலக்கணத்துக்காக இல்லை. செல்லம்மா தலையைத் திருப்பாமலே சொன்னதற்காக:

"ஐயா, மூங்கி கொல்லையில நின்னா குத்துச்சுன்னு எழுதுங்க. காரியஸ்தர் கையில இருந்தா குத்துனாருன்னு எழுதுங்க. மரியாதையாவே எழுதுங்க, எனக்கு ஒண்ணுமில்ல."

அந்தப் பதிவின் நகல் தாசில்தார் விசாரணையில் நின்றது, செல்லம்மா அதே வயலில் குறுவை நட்டார், எங்கள் வருடாந்தர அறிக்கையில் மட்டும் அவர் இன்னும் 'மேலோட்டம்'தான்.