பொட்டலத்துக்கு ஒரு பழம்

சுனாமிக்குப் பிந்தைய ஆண்டுகளில், வேலை முடிந்து சிதம்பரம் பேருந்து நிலையத்தில் கடலூர் வண்டிக்குக் காத்திருக்கும்போது பழம் விற்கும் ஒரு அம்மாளைப் பார்ப்பேன். கோடையில் மட்டும் வருவார். கூடை நிறைய, வேப்பம்பழம் அளவில் மஞ்சள் மஞ்சளாகப் பாலப்பழம். ஆழாக்கில் அளந்து காகிதத்தில் கொட்டுவார். மடிப்பதற்கு முன் அதிலிருந்து ஒன்றை எடுத்துத் தன் வாயில் போட்டுக்கொள்வார். யார் வாங்கினாலும் இப்படித்தான். சாயங்காலத்துக்குள் பழத்தின் பால் பிசுபிசுத்து உதடுகள் ஒட்டிக்கொள்ளும். முந்தானையால் துடைத்துத் துடைத்துத்தான் பேசுவார்.

"பழம் அவ்வளவு பிடிக்குமாம்மா?" என்று ஒருநாள் பழம் வாங்கும்போது கேட்டேன்.

"கண்டாலே கொமட்டுது சார். போன வருஷம் எங்கிட்ட வாங்கிட்டுப் போன ஊட்ல ஒரு புள்ளைக்கு வாந்தி, ஃபிட்ஸு. மலவேம்புப் பழம் கலந்துடுச்சுன்னாங்க. அதுவும் இதே மஞ்சதான், வெஷம். ஆஸ்பத்திரில கெடந்து பொழச்சுது."

"உங்க கூடையிலேருந்துதான் போச்சா?"

"பாத்துப் பாத்துதான் பொறுக்கறேன். அந்தப் புள்ள வேற எங்கனா எடுத்துத் தின்னுச்சோ என்னமோ. எனக்கே தெரியலியே சார்."

"ஒண்ணு தின்னு பாத்தா மத்ததெல்லாம் நல்லதுன்னு ஆயிடுமா?"

"ஆவாதுதான்," என்றார். "வேற என்னா பண்ணச் சொல்றீங்க?"

பேச்சுவாக்கில் என் பொட்டலத்தை அப்படியே மடித்துக் கொடுத்துவிட்டார். பேருந்தும் வந்துவிட்டது. நான் ஏறப் போகையில் கூப்பிட்டு, பொட்டலத்தைத் திரும்ப வாங்கிப் பிரித்தார். நடத்துனர் விசில் அடித்துக்கொண்டே இருந்தார். கண்ணை மூடி ஒன்றை மென்று விழுங்கிய பிறகுதான் தந்தார்.