மூன்றாம் வான்கதவைத் திறந்தவர்

முருங்கனுக்கு அப்பால் உள்ள ஒரு குளத்தில் முப்பத்தொரு வருடம் மேலதிகத் தண்ணீரை வெளியேற்றும் வான்கதவுகளுக்குக் காவலாளியாக இருந்தவர் இன்னாசிமுத்து. அறுபது வயதில் ஓய்வுபெற்றார். ஏழு மாதமாகியும் பென்சன் முழுதாக வரவில்லை, பணிக்கொடை வரவேயில்லை. அரசாங்கக் கந்தோர் வேலை மெல்லத்தான் நடக்கும் என்று பேசாமல் இருந்துவிட்டார். பிறகு பதிவுத் தபாலில் ஒரு குற்றப்பத்திரம் வந்தது.

மகள் றொஷேல் வாசித்துக் காட்டினாள். ஐந்து வருடத்துக்கு முந்திய மார்கழி வெள்ளத்தில், எழுத்தில் உத்தரவு இல்லாமல் அவர் மூன்றாம் வான்கதவைத் திறந்தாராம். அதனால் கீழ்ப்பக்கத்தில் நாற்பது ஏக்கர் நெல் அழிந்ததாம்.

“வேலையை விட்டு வந்தாப் பிறகு எப்பிடி விசாரிப்பினம்?”

“விசாரணைக்கு உட்பட்டுத்தான் உங்களை ஓய்வில விட்டிருக்கினம். ஓய்வுக் கடிதத்திலயே கிடக்கு. வாசிக்கேல்லையோ அப்பா?”

“கையெழுத்து வைச்சனான்.”

குற்றத்தை ஏற்கிறாரா, மறுக்கிறாரா என்று பதினான்கு நாளுக்குள் அவர் எழுத வேண்டும். அங்கேதான் அவருக்குத் தலை சுற்றியது.

வெள்ளம் வந்த அன்று விடியற்காலை அவருக்குக் கடும் காய்ச்சல். குளக்கட்டுக்குப் போய்ச் சேர்ந்தபோது மூன்றாம் கதவு ஏற்கெனவே திறந்திருந்ததாகத்தான் ஞாபகம். கூட வேலை செய்த பைறூஸ் திறந்திருக்கலாம். பைறூஸ் மறுவருடமே இறந்துபோனார். ஆனால் கதவு திறந்ததால் கட்டு உடையவில்லை, கட்டின் கீழே இருந்த பாப்பாமோட்டைக் கிராமம் தப்பியது. மறுநாள் சனம் வந்து இன்னாசிமுத்துவின் கையைப் பிடித்துக்கொண்டு அழுதது. அவர் சொல்ல வந்ததை யாரும் கேட்கவில்லை. அதன்பிறகு ஒவ்வொரு அறுவடைக்கும் அவர் வீட்டுக்குப் புது அரிசி வந்தது. நாள் போகப்போக, மழையில் நின்று தானே கதவின் சக்கரத்தைச் சுற்றுவது அவருக்குக் கண்ணில் தெரிந்தது. அது அந்த மாரியோ, வேறு மாரியோ என்று பிரிக்க முடியவில்லை.

“மறுத்து எழுதுவம்” என்றாள் றொஷேல்.

“மறுத்தால் அந்தச் சனத்துக்கு என்ன சொல்லுறது?”

“அப்ப ஏற்கப் போறீங்களோ?”

“செய்யாததை எப்பிடிப் பிள்ளை ஏற்கிறது?”

“செய்யேல்லை எண்டு வடிவாத் தெரியுமோ?”

கடைசியில் மறுத்தே எழுதினார்கள்.

விசாரணை நாளன்று, கேள்விப்பட்டு, பாப்பாமோட்டையிலிருந்து செல்லாயி பஸ் ஏறி வந்துவிட்டாள். மலையகத்திலிருந்து வந்து குடியேறியவள்; குளக்கட்டின் அடியில்தான் வீடு. அவருக்காகச் சாட்சி சொல்ல வேண்டுமென்று நின்றாள்.

“ஐயாதான் தெறந்தாரு. ரெண்டு கண்ணால பாத்தேன். தெறக்காட்டி நாங்க இன்னைக்கு இல்ல. அவரு பென்சனப் போயி நிப்பாட்டுறீங்களே.”

விசாரணை அதிகாரி பேனையைக் கீழே வைத்தார். “இவ உங்கட பக்கச் சாட்சிதானே?”

“ஓம் சேர்.” இன்னாசிமுத்து அவளிடம் திரும்பினார். “நான் அண்டைக்கு என்ன போட்டிருந்தனான், பிள்ளை?”

“நீல மழக்கோட்டு.”

வேலைக்காகக் கொடுத்த நீல மழைக்கோட்டு அவரிடமும் இருந்தது, பைறூஸிடமும் இருந்தது.

“இவ சொல்லுறது சரியோ?” என்றார் அதிகாரி.

“தெரியாது சேர்.”

“அப்பிடி எழுதேலாது. ஓமோ, இல்லையோ?”

செல்லாயி அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“அவ பொய் சொல்லமாட்டா” என்றார்.

அவர் குற்றத்தை ஏற்றுக்கொண்டதாக அதிகாரி எழுதினார்.

நான்கு மாதத்தில் முடிவு வந்தது. குற்றம் நிரூபணம். நீண்டகாலச் சேவையைக் கருதிப் பென்சனில் நூற்றுக்கு ஐந்து மட்டும் வெட்டு. பணிக்கொடை முழுதாகக் கிடைக்கும். அம்மட்டில் தப்பியது என்றாள் றொஷேல். அவருக்கு மனம் ஆறவில்லை. பைறூஸின் மனைவி ஆசியா உம்மாவைத் தேடிப் போனார்.

“அந்தக் கதவைப் பற்றி அவர் ஏதும் சொன்னவரோ, தங்கச்சி?”

“சொல்லுவார் அண்ணன். அந்தக் காய்ச்சலோட வந்து நீங்கதான் திறந்தீங்க எண்டு, மௌத்தாகிற நாள் மட்டும் சொல்லிக்கொண்டிருந்தார்.”

அவள் தேத்தண்ணி ஊற்றி வந்து கொடுத்தாள். அவர் கோப்பையைக் கையில் வைத்துக்கொண்டு கதிரையில் இருந்தார்.