சிங்களம் என்று சொல்லிவிட்டேன்

வட்டவளைத் தேயிலைத் தோட்டத்தில் வேலை செய்கிறேன். எட்டாம் வகுப்போடு பள்ளியை விட்டவன். "பெர்மிட் எடுத்துட்டு வாங்க தம்பி, வேன் ஓட்டப் பழக்கி வேலை தாறேன்" என்றார் ஹட்டன் மரக்கறிக் கடை முதலாளி.

ஓட்டப் பழகுவதற்கான அந்தப் பெர்மிட்டின் எழுத்துப் பரீட்சைக்குப் போனேன். சிங்களமா, தமிழா என்று அலுவலர் சிங்களத்தில் கேட்டார். தமிழ் என்றால் திருப்பி அனுப்பிவிடுவார்களோ என்று பயந்து சிங்களம் என்றேன். எனக்குப் பேசத்தான் தெரியும், வாசிக்க வராது. வினாத்தாளை மாற்றிக் கேட்கவும் கூச்சம். கண்டபடி குறியிட்டுத் தோற்றேன்.

"சிங்களத்துல சண்ட போடுற ஆளுக்கு, வாசிக்கத் தெரியாதுனு சொல்ல வாய் வரலியா?" என்றாள் மனைவி.

அடுத்த முறை தமிழில் எழுதித் தேறி, கடைக்கு ஓடினேன்.

"பாத்துப் பாத்து, போன கெழமதான் தம்பி வேற ஆள் எடுத்தேன்" என்றார் முதலாளி.

இப்போது எந்த அலுவலகத்திலும் அவர்கள் கேட்கும் முன்பே தமிழ் என்று சொல்லிவிடுகிறேன். சொல்லும்போது குரல் இன்னும் நடுங்கத்தான் செய்கிறது.