அறுபடாத வலைகள்

ஜெலாப்பாங்கில், தொழிற்சாலைக்குப் பின்னால் இருக்கும் மலிவு விலை வீட்டு வரிசையில் செல்லாயி அக்காவைப் பற்றி யாரிடம் கேட்டாலும், "அந்தம்மாவுக்கு எட்டுக்கால் பூச்சின்னா பயம்லா" என்பார்கள். விடிந்ததும் விளக்குமாறும் கையுமாக வெளியே வருவார். வேலியிலும் வாசல் கம்பியிலும் பின்னியிருக்கும் வலைகளை ஒன்று விடாமல் அறுத்துப் போட்ட பிறகுதான் ஒரு வாய் கோப்பி குடிப்பார். பக்கத்து வீட்டு வேலியையும் விடமாட்டார். அதற்காக எண்பத்து மூன்றில் ஒரு சண்டையே நடந்தது.

விவரம் தெரியாமல் பேசுகிறவர்களைக் கண்டால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். பயம் உண்மைதான். ஆனால் அது பூச்சியிடம் உள்ள பயம் இல்லை. அந்தப் பயம் வந்த நாளில் நானும் கூட இருந்தேன்.

எழுபதுகளில் காம்பாருக்குப் பக்கத்தில் ஒரு ரப்பர் தோட்டத்தில் நாங்கள் பால் வெட்டிக்கொண்டிருந்தோம். மர வரிசையை நிரை என்போம். அக்காவின் நிரைகள் காட்டோரத்தில் போய் முடியும். அவற்றுக்கு அடுத்தவை என்னுடையவை. காட்டோர நிரையை யாரும் விரும்பிக் கேட்டு வாங்குவதில்லை. ஒரு பக்கம் புலி, இன்னொரு பக்கம் மங்கு என்கிற பால் கிண்ணத்தில் உறைந்து கிடக்கும் கட்டிப்பாலைத் திருட பராங் கத்தியோடு வருகிற ஆட்கள். அக்காவுக்கு இந்த இரண்டும் போக இன்னும் ஆயிரம் பயம். சருகு விழுந்தால் திரும்பிப் பார்ப்பார். பயந்த சுபாவம் என்று தெரிந்துவிட்டால் தோட்டத்தில் சும்மா விடுவார்களா? மரத்துக்குப் பின்னால் நின்று உறுமிக் காட்டுவோம். அதில் முதல் ஆள் பழனியப்பன் என்கிற நான்தான். இப்போது நினைத்தால் வெட்கமாக இருக்கிறது.

வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஒரு விடியற்காலை, நெற்றி விளக்கோடு நடந்துபோன அக்காவின் முகத்தில் ஒரு வலை அப்படியே அப்பிக்கொண்டது. கன்னத்தில் கொம்புப் பூச்சி. சுண்டுவிரல் நகம் அளவுதான் உடம்பு. ஆனால் நண்டு ஓடு மாதிரிக் கெட்டி. நல்ல ஆரஞ்சு நிறம். முதுகிலிருந்து இரண்டு நீளக் கொம்புகள் மாட்டுக் கொம்பு போல வளைந்து நிற்கும், ஓரங்களில் இன்னும் நாலு சின்ன முள். அது ஊர்ந்த இடம் புண்ணாகும் என்று தோட்டத்தில் பேச்சு. அக்கா மூன்று நாள் கண்ணாடியும் கையுமாகத் திரிந்தார். கன்னத்துக்கு ஒன்றும் ஆகவில்லை.

அதற்கப்புறம் அந்தப் பூச்சியையே பார்க்க ஆரம்பித்தார். பயந்த மனிதர்களுக்குக் கண் கூர்மை. கொம்பு உள்ளதெல்லாம் பெண் என்று அவர்தான் எனக்குக் காட்டினார். ஆண் ஒரு பொட்டு மாதிரி, கொம்பும் இல்லாமல் ஓர நூலில் ஒண்டிக்கொண்டிருக்கும். பெண்தான் முட்டையை இலைக்கு அடியில் வைத்து மேலே மஞ்சள் நூலைச் சுற்றி மூடிவிடும். பழைய வலையைத் தானே தின்றுவிட்டு, விடிவதற்குள் புதிதாகப் பின்னும். நூலில் இடையிடையே வெள்ளையாகப் பஞ்சுத் துணுக்கு போல வைக்கும். குருவி மோதாமல் இருக்க அடையாளம் வைக்கிறது என்பது அக்காவின் கணக்கு. எல்லாவற்றையும் விட முக்கியமானது ஒன்று. பகலில் வலை அறுந்தால் அன்றைக்குப் பெரும்பாலும் திரும்பப் பின்னாது. மறுநாள் விடியலில்தான்.

வலைகள் நிரைக்குக் குறுக்கே, நம் இடுப்பிலிருந்து முகம் வரைக்கும் தொங்கும். புலியோ பன்றியோ போனால் அறுபடாது. மனிதன் போனால் அறுபடும். அக்கா தினமும் வலையைப் பார்த்த பிறகுதான் நிரைக்குள் கால் வைப்பார். தானும் ஒவ்வொரு வலைக்கும் குனிந்து போவார். தனக்குப் பின்னால் யாராவது வந்தால் தெரிய வேண்டுமே. ஆயாக்கொட்டகை பூட்டியிருக்கும் நாட்களில், அதாவது வேலைக்குப் போகிறவர்களின் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ள ஆள் இல்லாத நாட்களில், மகள் நவமணியையும் கூட்டி வருவார். வலையைத் தொடக்கூடாது என்பதுதான் அவளுக்கு அம்மா போட்ட முதல் சட்டம்.

எழுபத்து மூன்றில் ஒரு நாள் வரிசையாக மூன்று வலைகள் அறுந்து தொங்கின. அக்கா உள்ளே போக மறுத்துவிட்டார். கங்காணி இராமசாமி வாயில் வந்தபடி ஏசிவிட்டு, நாலு ஆட்களோடு உள்ளே போனார். பால் திருட வந்த இரண்டு பேர் பராங்கோடு மரத்தடியில் உட்கார்ந்திருந்தார்கள். அன்றோடு எங்கள் கேலி நின்றது. கங்காணியே காலையில், "செல்லாயி, இன்னைக்கு வலை என்ன சொல்லுது?" என்று கேட்கத் தொடங்கினார்.

இரண்டு வருடம் கழித்து, மழை மாதம். நவமணிக்கு ஐந்து வயது. பதினொன்றரை மணிக்குப் பால் ஸ்டோரில் வாளியை இறக்கிக்கொண்டிருந்தோம். ஆயாக்கொட்டகை வீரம்மா தலைவிரி கோலமாக ஓடி வந்தது. பத்து மணியிலிருந்து நவமணியைக் காணோம்.

கொட்டகைக்கு வெளியே பாதை மூன்றாகப் பிரியும். ஒன்று பெரிய சாலைக்கு. ஒன்று ஈயம் தோண்டி விட்டுப்போன பழைய குளங்களுக்கு. மூன்றாவது அக்காவின் நிரைகளுக்கு. அக்கா நேராகத் தன் நிரைகளுக்கு ஓடினார். ஒவ்வொரு நிரை வாயிலும் நின்று பார்த்தார். வலைகள் முழுசாக இருந்தன, நடுவில் பூச்சிகள் அசையாமல் உட்கார்ந்திருந்தன. அக்கா மூச்சு வாங்கினார்.

"இந்தப் பக்கம் போகல. ஒரு நூலுகூட அறுபடல."

 அந்த வாய் பொய் சொல்லாது என்று எங்களுக்குத் தெரியும். அவருடைய புருஷன் சன்னாசி அண்ணே பத்துப் பேரோடு சாலைக்கு ஓடினார். மற்றவர்கள் குளத்துக்கு.

குளத்து ஓரம் முழுக்க வெள்ளை மணல். அதில் சின்னக் காலடி எதுவும் இல்லை, ஆனால் ஆடுமாடு மிதித்துக் குழம்பிக் கிடந்ததால் எதையும் நம்ப முடியவில்லை. நான் இறங்கினேன். இடுப்புக்கு மேல் தண்ணீர் ஐஸாக இருந்தது. கீழே ஒன்றுமே தெரியாது, கையால் துழாவ வேண்டியதுதான். மூன்றாவது முறை முங்கியபோது மெத்தென்று ஏதோ கையில் பட்டது. அந்தப் பயத்தை நான் இன்னும் மறக்கவில்லை. இழுத்துப் பார்த்தால் ஊறிப்போன கோணிப்பை. கரையில் அக்கா அதைப் பார்த்துவிட்டு, சத்தமே வராமல் வாயைத் திறந்து திறந்து மூடினார்.

நாலு மணிக்கு மேல் மலைப்பக்கம் கருத்துக்கொண்டு வந்தது. கங்காணி போலீசுக்குச் சொல்லக் காம்பாருக்கு சைக்கிளில் போனார். சாலைக்குப் போனவர்கள் வெறுங்கையோடு வந்தார்கள். அடுத்த குளத்துக்குப் போகலாம் என்று அக்காவை எழுப்பி நடத்திக்கொண்டு போனேன். இரண்டு மரங்களுக்கு நடுவே ஒரு வலை. அக்கா அழுதுகொண்டே, பழக்கத்தில் குனிந்து அதற்கு அடியில் போனார். பின்னால் வந்த நான் வழக்கம் போல முகத்தைக் கொண்டுபோய் அதில் மோதினேன். எரிச்சலில் வாயை விட்டுவிட்டேன்.

"என்னாக்கா, இந்த நேரத்துலயும் உனக்கு மட்டும் குனியத் தோணுது."

அக்கா நின்றுவிட்டார். திரும்பி என் முகத்தில் ஒட்டியிருந்த நூலைப் பார்த்தார். 

"பழனி," என்றார். "அவளுக்கும் குனியத் தெரியும்டா."

சொல்லிவிட்டு ஓடினார். அப்படி அவர் ஓடி நான் பார்த்ததே இல்லை. நான் கத்திக்கொண்டே பின்னால் ஓடினேன். ஐந்து மணி நேரம் எல்லோரும் தப்பான பக்கத்தில் நின்றிருக்கிறோம் என்று அப்போதுதான் எனக்கு உறைத்தது. தோட்டத்துக்கே வலையைப் படிக்கக் கற்றுக்கொடுத்தவர், வலையை அறுக்காமல் நடக்கத் தன் பிள்ளைக்கும் கற்றுக்கொடுத்திருந்தார். எங்கள் யாருக்கும் அது நினைவுக்கு வரவில்லை.

முதல் நிரையில் நுழைந்தபோது மழை தொடங்கியது. அக்கா இந்த முறை குனியவில்லை. ஒவ்வொரு வலையையும் முகத்தாலும் நெஞ்சாலும் கிழித்துக்கொண்டு ஓடினார். தலைமுடியில், புருவத்தில், உதட்டில் நூல். ஒரு கொம்புப் பூச்சி தோளில் தொங்கிக்கொண்டே போனது. அதை அவர் தட்டிவிடக்கூட இல்லை. "நவமணி, நவமணி" என்று கூப்பிட்ட சத்தத்தை மழை விழுங்கிக்கொண்டிருந்தது.

காட்டெல்லையில் ஆள் உயரத்துக்கு ஒரு வாய்க்கால் வெட்டியிருந்தார்கள். மலையில் மழை பெய்தால் அரை மணியில் நிரம்பிவிடும். அதற்குள் இருந்தாள் நவமணி. சறுக்கி விழுந்ததில் கணுக்கால் வீங்கிப்போயிருந்தது. ஒரு வேரை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டிருந்தாள். செம்மண் தண்ணீர் அவள் நெஞ்சுக்கு வந்துவிட்டது. நான் குதித்துத் தூக்கி மேலே கொடுத்தேன். உடம்பு சில்லென்று இருந்தது. கண்ணைத் திறந்து மூடியதைப் பார்த்த பிறகுதான் உயிர் இருக்கிறது என்று நம்பினேன்.

அக்கா அவளை மடியில் போட்டுக்கொண்டார். முத்தம் கொடுக்கவில்லை, அடிக்கவும் இல்லை. கை கால் எல்லாம் தடவித் தடவிப் பார்த்தார். கத்திக் கத்தி அந்தப் பிள்ளைக்குத் தொண்டை கட்டிப்போயிருந்தது.

"உன்னத் தேடி வந்தேம்மா," என்றாள். "நீ ஏன் வரல?"

  ஏசப் போகிறாள் அம்மா என்று நினைத்தாளோ என்னவோ, நவமணி அவசரமாகச் சேர்த்துச் சொன்னாள்.

"நீ சொன்ன மாரியே குனிஞ்சு குனிஞ்சு வந்தேன். ஒரு வலயக்கூட அறுக்கலம்மா."

அக்கா திரும்பி நிரையைப் பார்த்தார். நாங்கள் வந்த வழி நெடுக வலைகள் கந்தலாகி மழையில் தொங்கிக்கொண்டிருந்தன. பிள்ளையின் தலையை நெஞ்சோடு அழுத்திக்கொண்டு சொன்னார்.

"இனிமே எல்லாத்தயும் அறுத்துக்கிட்டே போ, தாயி. நீ எந்தப் பக்கம் போனாலும் அறுத்துக்கிட்டே போ."