பக்கம் புரட்டியவர்

டொரொண்டோ நகர மையத்தில் உள்ள ஓர் இசை மண்டபத்தில், வருபவர்களுக்கு இருக்கை காட்டும் வேலையில் நான் சில காலம் இருந்தேன். ஞாயிறு பிற்பகல்களில் சிம்பொனி இசைக்குழு வாசிக்கும்போது மேல்மாடத்தின் முன்வரிசைக்கு ஒரு முதியவர் தனியாக வருவார். மெலிந்த உடம்பு, கழுத்துவரை பொத்தான் பூட்டிய வெள்ளைச் சட்டை. இசையின் நடுவில் திடீரென அவருடைய கை மடியிலிருந்து எழுந்து, முன்னால் காற்றைத் தொட்டுவிட்டுத் திரும்பும்.

ஒருநாள் இடைவேளையில் கேட்டேன்.

“அங்கிள், ஏன் அப்பிடிக் கையை நீட்டுறனீங்கள்?”

வெட்கத்துடன் சிரித்தார். “பக்கம் புரட்டுறன், பிள்ளை. கொழும்பில எங்கட நாட்டின்ர சிம்பொனியில நான் வயலின் வாசிச்சனான். தமிழர், சிங்களவர், பறங்கியர் எல்லாரும் ஒண்டா இருந்து வாசிச்சம். ரெண்டு பேருக்கு ஒரு இசைக் கொப்பி. எனக்குப் பக்கத்தில ஒரு சிங்கள நண்பர். நான் வாசிக்கிறதை நிப்பாட்டிப் பக்கம் புரட்டேக்க அவர் விடாமல் வாசிப்பார். கேக்கிற ஆக்களுக்கு ஒண்டும் தெரியாது. பிறகு தமிழருக்கு எதிராக் கலவரம் வந்திட்டுது. அவருக்கு ஒரு சொல்லுச் சொல்லாமல் நான் இஞ்ச வந்திட்டன்.”

“அவற்ற பேரைச் சொல்லுங்கோ. போனில தேடிப் பாப்பம்” என்றேன்.

மேடையில் வெறுமையாகக் கிடந்த கதிரைகளைக் கை காட்டினார்.

“வேண்டாம், பிள்ளை. அவர் இன்னும் விடாமல் வாசிச்சுக்கொண்டு இருக்கிறார் எண்டு நினைச்சுத்தான் நான் இஞ்ச வாறன்.”

நான் போனைச் சட்டைப்பைக்குள் வைத்துவிட்டேன். இன்னொரு முறை கேட்டிருக்க வேண்டுமா என்பது இன்றுவரை எனக்குத் தெரியவில்லை.