நானாகப் போட்ட வரி

யப்பானில் மட்டும் வெளிவந்த பழைய சண்டை வீடியோ கேம் ஒன்றை ஆங்கிலத்துக்கு மாற்றும் வேலையில் இரண்டு வருடம் இருந்தேன். சம்பளமில்லாத வேலை. இணையத்தில் சேர்ந்த நாலு பேர் நாங்கள், நேரில் கண்டதில்லை. எனக்கு யப்பானிய மொழி தெரியும் என்று மற்ற மூவரும் நம்பினார்கள். எழுத்துக் கூட்டி வாசிப்பேன், அவ்வளவுதான். மிச்சத்தை மொழிபெயர்ப்புச் செயலியை வைத்துச் சமாளித்தேன்.

அந்தக் கேமில் நடுவயதுச் சண்டைக்காரி ஒருத்தி. வென்றதும் அவள் சொல்லும் வரி எனக்குப் பிடிபடவில்லை. “போய் அம்மாவிட்ட அழு” என்ற அர்த்தத்தில் நானே ஒன்றை எழுதிவிட்டேன். விளையாடியவர்களுக்கு அதுதான் மிகவும் பிடித்துப்போனது. பாராட்டையும் கூசாமல் வாங்கிக்கொண்டேன்.

பிறகு, பிரெஞ்சு பேசும் ஊரான லாசாலில் நான் பெட்டி ஒட்டும் தொழிற்சாலைக்கு யப்பானியப் பெண் ஒருவர் வேலைக்கு வந்தார். ஒரு மத்தியானம், சாப்பாட்டு நேரத்தில், பெருமைக்காகக் கேமைப் போனில் போட்டுக் காட்டினேன்.

“இது எங்கட வீட்டிலயும் இருந்தது!” என்று பிரெஞ்சில் சொல்லி, போனை வாங்கி விளையாடினார். அதே சண்டைக்காரியாக வென்றார். என் வரி திரையில் வந்தது. அவர் முகம் மாறியது.

“இவ இப்பிடிச் சொல்லமாட்டா. ‘நோகுதா? கையைத் தா, எழும்பு’ எண்டுதான் சொல்லுவா. நானும் தம்பியும் எங்களுக்குள்ள அடிபட்டால், இதைச் சொல்லித்தான் கோபம் ஆறுவம். ஆர் இதை எழுதினது?”

“எங்கட குழுவில ஆரோ.”

“பாவம், அவருக்கு மொழி தெரியாது போல.”

“ஓம்” என்றேன்.

பின்னேரம் முழுக்க ஒரே மேசையில் பெட்டி ஒட்டினோம். நான் நிமிரவே இல்லை. அடுத்த நாள் பொறுக்கமாட்டாமல் சொன்னேன்: “அந்த ஆள் நான்தான்.”

அவர் கோபப்படவில்லை. “வேற எங்கயெல்லாம் இப்பிடிச் செய்தனீங்கள்?” என்று மட்டும் கேட்டார்.

“எனக்கே தெரியாது” என்று சொல்ல வேண்டியிருந்தது. பொய் சொன்னதைவிட அதுதான் என்னைக் கூசவைத்தது.

பல மத்தியானங்கள் இருந்து, வரி வரியாக அவர் திருத்தித் தந்தார். குழுவுக்கு உண்மையை எழுதினேன். ஒருவர் இன்றுவரை பதில் போடவில்லை. திருத்திய பதிப்பு வந்ததும், பழைய வரிதான் நல்லது என்று விளையாடிய யாரோ எழுதியிருந்தார். அதை வாசித்ததும் ஒரு கணம் எனக்குச் சந்தோஷமாக இருந்தது. அதை மட்டும் திருத்தித் தந்தவரிடம் நான் சொல்லவில்லை.