சாக்குப் பிள்ளை

பிப்ரவரி 9, ஞாயிறு. காலையில் துணி துவைத்தேன். மதியம், நாளை துபாய் வேலைக்குக் கிளம்பும் மகளின் பெட்டியை அடுக்கினேன். பிறகு அரிசி கொட்டிய காலிச் சாக்கை உதறியபோது எழுந்த வாசனை, இப்போது கல்யாண மண்டபமாகிவிட்ட நன்னிலம் அரிசி மில்லின் களத்துக்கு என்னைக் கொண்டுபோனது. வெந்த நெல்லின் சூடு சிமெண்டில் ஆறாத சாயங்காலங்களில் அங்கே மில் ஆட்களின் நாடக ஒத்திகை நடக்கும். மூட்டை தூக்கும் அப்பாவுக்கு, பிள்ளையைப் பறிகொடுத்த ராணி வேஷம். பிள்ளைக்குப் பதில் பதர் அடைத்த சாக்கு.

“யோவ், லாரியிலேர்ந்தா இறக்குற? புள்ளைய்யா அது!” என்று நாடகம் சொல்லிக்கொடுக்கும் மில் இன்ஜின் டிரைவர் கத்துவார். அப்பா மறுபடி மெல்லக் கிடத்தி, குரல் உடைந்தாலும் சொல் சிதையாமல் அழப் பழகுவார்.

“நான் படுத்துக்கிறேம்பா” என்றேன் ஒருநாள்.

“வேணாம் கண்ணு. உன்னைப் போட்டா நெஜமாவே அழுதுடுவேன். வசனம் வராது.”

என் கல்யாணத்தன்று அவர் கண் கலங்காமல், எல்லோரிடமும் தெளிவாகப் பேசி என்னை அனுப்பிவைத்தார். சாக்குக்குக் கிடைத்த அழுகை எனக்கில்லையே என்று, அவர் இருந்தவரை மனத்தாங்கலாகவே இருந்துவிட்டேன்.

பிப்ரவரி 10, திங்கள். காலை எழுந்ததும், முதலில் மகளைக் கட்டிக்கொண்டு அழுதேன்; சொல்ல வேண்டியதையெல்லாம் பிறகுதான் சொன்னேன்.